தட்டைப் படமும் உருண்டை உலகமும்

கல்லூரி அன்னையின் யூபிலி விழாவை முன்னிட்டு வெளிவரும் இம்மலரிலே, பழைய மாணவர் பலரும் தாம் இங்குக் கற்றவற்றை நன்றியுடன் நினைந்து எழுதுவர். அது முறையே. எனினும், கற்றவற்றுள் மறக்க வேண்டியது ஏதேனும் உண்டோ என்று எண்ணிப் பார்ப்பதும் ஒருவகை நன்றிக்கடனேயாகும். எம்மட்டில் அத்தகைய ஒன்று உண்டு. அதனை எந்த ஆசிரியரும் எமக்கு வாயாற் கற்பிக்கவில்லை. எந்தப் பாடநூலும் எழுத்தாற் சொல்லவில்லை. வகுப்பறைச் சுவரிலே, ஆணியொன்றில், ஆண்டு முழுவதும் வாய்திறவாது தொங்கிய உலகப்படமே அதனை எமக்குக் கற்பித்தது.

அஃது யாதெனின், உலக நாடுகளின் அளவு பற்றிய பிழையான எண்ணமேயாம். ஐயமுடையார் ஒரு சிறு சோதனை செய்து பார்க்கலாம். இம்மலரைச் சற்று மடித்து வைத்துவிட்டு, கண்களை மூடி, பள்ளிச் சுவரிற் கண்ட உலகப்படத்தை மனத்திலே விரித்து, கிறீன்லாந்து பெரிதோ ஆபிரிக்கா பெரிதோ என்று தம்மைத் தாமே வினவுக. எம் மனத்திலே நெடுங்காலம் இரண்டும் ஒத்தனவாகவே இருந்தன. எம்மைப் போன்றார் வேறு பலரும் இருப்பரென எண்ணுகின்றோம். உண்மையோ வேறு. கிறீன்லாந்தின் பரப்பு ஏறத்தாழ 21 இலட்சத்து 66 ஆயிரம் சதுர கிலோமீற்றர். ஆபிரிக்காவின் பரப்பு ஏறத்தாழ 3 கோடியே 3 இலட்சம் சதுர கிலோமீற்றர். பதினான்கு கிறீன்லாந்துகளை ஆபிரிக்காவினுள் அடக்கலாம்!

இஃது ஒன்றுதானோ எனின், அன்று. அப்படத்திலே அலாஸ்காவும் பிறேசிலும் ஒத்த பருமனுடையனவாகக் காணப்படும். அலாஸ்கா ஏறத்தாழ 17 இலட்சம் சதுர கிலோமீற்றர், பிறேசில் 85 இலட்சம், ஐந்து மடங்கு. நோர்வே, சுவீடன், பின்லாந்து ஆகிய மூன்றும் சேர்ந்து இந்தியாவினும் பெரியனவாகத் தோன்றும். அம்மூன்றின் மொத்தப் பரப்பு ஏறத்தாழ 11 இலட்சம் சதுர கிலோமீற்றர். இந்தியா 32 இலட்சத்து 87 ஆயிரம். எம்மை நெடுங்காலம் ஆண்ட பெரிய பிரித்தானியத் தீவை எடுத்துக்கொள்வோம். படத்திலே அது மடகாஸ்கர்த் தீவுக்கு ஏறக்குறைய ஒத்ததாகத் தெரியும். அளந்து பார்ப்பின் பிரித்தானியத் தீவு ஏறத்தாழ 2 இலட்சத்து 9 ஆயிரம் சதுர கிலோமீற்றர். மடகாஸ்கரோ 5 இலட்சத்து 87 ஆயிரம்.

இனி, எமது நாட்டுக்கு வருவோம். இலங்கையின் பரப்பு 65,610 சதுர கிலோமீற்றர் என்பது கீழ்வகுப்பு மாணவனும் அறிந்தது. நோர்வேக்கு வடக்கே, பனிக்கடலின் நடுவே, ஸ்வால்பார்ட் என்னும் தீவுக்கூட்டம் உண்டு. அது இலங்கையிற் சற்றே சிறியது. ஆயினும் அப்படத்திலே அதனைக் காண்பவன், இலங்கையைப் போல் இருபது தீவுகளை அதனுட் போடலாமென்று கருதுவான். எம் வீட்டு முற்றத்தை மணற்பிடி அளவாகவும், அயலவன் முற்றத்தைத் தேர்முட்டி வீதியளவாகவும் வரைந்து காட்டுகின்ற உறுதிப்படத்தை நாம் ஒப்புவோமா? நிலவளவையில் ஒரு பரப்புக் காணி பிசகினும் நீதிமன்றம் ஏறும் நாம், கண்டங்கள் பிசகிய படத்தின் கீழ் அமர்ந்து பன்னிரண்டு ஆண்டு படித்தோம்.

இப்பிசகு எங்ஙனம் உண்டாயிற்று என்பதை அறிதல் வேண்டும். நாம் கீழ்வகுப்பிற் பயின்ற காலத்து, புவியியல் ஆசிரியர் ஒருவர் ஒருநாள் விளையாட்டறையிலிருந்து தையல் விட்டுப்போன பழைய உதைபந்தொன்றைக் கொண்டுவந்தார். எஞ்சிய தையலையும் பேனாக்கத்தியால் அறுத்து, அத்தோலை மேசைமேல் தட்டையாகப் பரப்பும்படி முன்வரிசை மாணவர் இருவரை ஏவினார். அவர்கள் நடுவை அழுத்த விளிம்பு எழுந்தது. விளிம்பை அழுத்த நடு எழுந்தது. ஈற்றில் தோற்றுண்டுகளைத் தனித்தனியே பிரித்து, இடையிடையே வெளிவிட்டுத்தான் பரப்ப முடிந்தது.

“இடைவெளி இல்லாமற் பரப்ப வேண்டுமெனில் என்ன செய்வீர்?” என்று ஆசிரியர் வினவினார்.

“தோலை இழுக்க வேண்டும், சேர்” என்றான் ஒருவன்.

“இழுத்தால்?”

“இழுத்த இடம் பெருக்கும், சேர்.”

“அவ்வளவுதான் இன்றைய பாடம்” என்று கூறி ஆசிரியர் அமர்ந்துவிட்டார்.

அஃது எத்துணைப் பெரிய பாடம் என்பதைப் பின்னாளிலேயே உணர்ந்தோம். உருண்டையின் மேற்பரப்பை, எவ்வித மாறுபாடுமின்றித் தட்டையாக்குதல் இயலாது என்பதை யேர்மானியக் கணித மேதை கவுஸ் 1827 ஆம் ஆண்டிலே ஐயந்திரிபற நிறுவினார். திறமை போதாமையால் வந்த குறையன்று இது; கணித நியதி. உருண்டையைத் தாளிற் படுத்தும் முறைகளைப் புவியியலார் எறியம் என்பர். எத்தனை எறியங்கள் வகுப்பினும், ஒன்று பரப்பைக் காக்கும், வடிவைச் சிதைக்கும். மற்றொன்று சிறு இடங்களின் வடிவைக் காக்கும், பரப்பைப் பெருக்கும். வேறொன்று இரண்டையும் சிறிது சிறிதாக விட்டுக்கொடுத்து நடுவழி செல்லும். பொய் கூறாத தட்டைப் படம் உலகில் இல்லை. எப்பொய்யை, எக்காரியத்துக்காக ஏற்றுக்கொள்கின்றோம் என்பதே வினா.

சுவரிலே தொங்கிய படத்தின் பொய்யைச் சிறிது விரித்துரைப்போம். மத்தியகோட்டிலே ஒரு பாகை நெடுங்கோட்டின் இடைத்தூரம் ஏறத்தாழ 111 கிலோமீற்றர். வடக்கே செல்லச் செல்ல நெடுங்கோடுகள் ஒன்றையொன்று நெருங்கி, 60 ஆம் பாகை அகலக்கோட்டிலே அத்தூரம் பாதியாகக் குறைந்து, முனைவிலே அற்றுப்போகும். படமோ நெடுங்கோடுகளை நெருங்கவிடாது, கம்பிவேலிக் கட்டைகள் போல் ஒரே இடைவெளியில் நிறுத்திவிடுகின்றது. ஆதலின் 60 ஆம் பாகையிலுள்ள நிலம் கிழக்கு மேற்காக இருமடங்கு இழுபடுகின்றது. வடிவு கெடாதிருத்தற்பொருட்டு அதனை வடக்குத் தெற்காகவும் இருமடங்கு இழுத்தனர். இருமடங்கும் இருமடங்கும் பெருகிப் பரப்பு நான்கு மடங்காயிற்று. 80 ஆம் பாகையிலே அப்பெருக்கம் முப்பத்து மூன்று மடங்காகும். முனைவை நெருங்கும்போது பெருக்கத்துக்கு எல்லையே இல்லை. வடமுனைவை அப்படத்திற் காட்டவேண்டுமெனில், முடிவற்ற உயரமுடைய சுவரொன்று கட்ட வேண்டும்.

இங்ஙனம் இழுத்தவர் யார்? அவர் பொருட்டு ஒருசொல் நடுநிலை நின்று கூறுதல் எம் கடன். 1512 ஆம் ஆண்டிலே பிளாண்டர்ஸ் நாட்டிற் பிறந்த மேர்க்கேற்றர் என்பார், 1569 ஆம் ஆண்டிலே டியூஸ்பேர்க் நகரிலிருந்து, பதினெட்டுத் தாள்களில் ஒரு பெரும் உலகப்படத்தை வெளியிட்டார். கடலோடிகளின் உபயோகத்துக்காக அமைத்தது என்பதை அப்படத்தின் தலைப்பிலேயே பொறித்தார். அவர் எவரையும் ஏமாற்றவில்லை. நடுக்கடலிலே மாலுமிக்கு வேண்டுவது நாட்டின் பரப்பன்று, திசையே. திசையறிகருவி காட்டும் ஒரே திசையிற் சுக்கானைப் பிடித்துச் செல்லும் கப்பலின் வழி, உருண்டையிலே வளைந்து செல்வது. அவ்வழியைத் தாளிலே நேர்கோடாக்கித் தந்தவர் மேர்க்கேற்றர். அடிமட்டமொன்றை வைத்துக் கோடு கீறி, கோணத்தை அளந்து, அத்திசையிற் கப்பலைச் செலுத்தலாம். அப்படத்தின் கணக்கை 1599 ஆம் ஆண்டிலே எட்வேட் றைற் என்னும் ஆங்கிலேயர் அட்டவணைகளாக்கி வெளியிட்டபின், கடலோடிகளுக்கு அது இன்றியமையாததாயிற்று.

கடலின் அருமை எம்மவர்க்குப் புதிதன்று. வல்வெட்டித்துறையிற் கட்டிய அன்னபூரணி என்னும் பாய்க்கப்பல், அவ்வூர்க் கடலோடிகளைச் சுமந்து அத்திலாந்திக் சமுத்திரத்தைக் கடந்து, 1938 ஆம் ஆண்டு ஓகஸ்ட் மாதத்தில் அமெரிக்காவின் குளோஸ்டர்த் துறைமுகத்தை அடைந்தது. கரை காணாப் பெருங்கடலிலே நேர்கோடு ஒன்றின் பெறுமதி யாதென அத்தகையோரைக் கேட்டறிதல் வேண்டும். மேர்க்கேற்றர் படத்தைப் பழிப்பவர் கடலைக் கண்டறியாதவர்.

எனின், குற்றம் யாருடையது? கப்பற்றளத்தில் விரிக்க வேண்டிய படத்தைப் பள்ளிச் சுவரிலே மாட்டியவர் குற்றம் அது. பொற்கொல்லன் தராசு நல்ல தராசுதான். அதில் நெல் மூட்டையை நிறுக்கப் புகுந்தால் தராசைப் பழித்து ஆவதென்ன? செவ்வக வடிவினதாகச் சுவரை அழகுற நிரப்பியதும், கப்பற்பாதைகளை எளிதிற் காட்டியதும், கிழக்கு மேற்குகள் நேராக நின்றதும் பதிப்பாளருக்கும் பள்ளிகளுக்கும் வாய்ப்பாயின. பேரரசு நடத்தியவர்க்கோ அது மேலும் ஒரு வாய்ப்பாயிற்று. 1898 ஆம் ஆண்டிலே கனடா வெளியிட்ட முத்திரையொன்று இதற்குச் சான்று. பிரித்தானியப் பேரரசின் நிலங்களையெல்லாம் செந்நிறந் தீட்டிக் காட்டிய அம்முத்திரையின் உலகப்படம் மேர்க்கேற்றர் முறையில் அமைந்தது. வடக்கே கிடக்கும் கனடா, இழுபட்டுப் பெருத்து, பேரரசின் செம்மையை மேலும் பரப்பிக் காட்டியது. படம் பேரரசைப் படைக்கவில்லை. ஆயினும் பேரரசு அப்படத்திலே தன் முகத்தைக் கண்டு மகிழ்ந்தது.

நடுவெப்ப நாடுகளிற் பிறந்த பிள்ளைகளாகிய நாமோ, அதே படத்திலே எம்மைத் தேடி, விரல்நுனியளவான ஒரு புள்ளியைக் கண்டோம். மத்தியகோட்டின் இருமருங்கும் உள்ள நாடுகளெல்லாம் சுருங்கியும், வடபுலத்து நாடுகளெல்லாம் பருத்தும் இருத்தலே உலகத்தின் இயற்கை என்று கொண்டோம். எவரும் அதனைச் சொல்லித் தரவில்லை. சொல்லித் தந்திருப்பின் ஒருவேளை ஐயுற்றிருப்போம். உதைபந்துப் பாடம் ஒருநாள் நடந்தது. மறுநாள் அத்தோற்றுண்டுகள் குப்பைக்குப் போயின. சுவர்ப்படமோ ஆண்டு முழுவதும் எம்மைப் பார்த்துக்கொண்டிருந்தது. ஒருநாட் பாடத்தை ஓராண்டுப் படம் வென்றது. கல்வி நடத்துவோர் கவனிக்க வேண்டியது இதுவே: மாணவன் காதாற் கேட்பதிலும், கேளாமலே கண்ணாற் காண்பது ஆழமாகப் பதிகின்றது.

இக்குறையை நீக்கவெனப் புறப்பட்டாரும் உளர். 1973 ஆம் ஆண்டிலே ஆர்னோ பீற்றர்ஸ் என்னும் யேர்மானிய வரலாற்றாசிரியர், நாடுகளின் பரப்பைச் சரியாகக் காட்டும் படமொன்றை உலகுக்கு அறிவித்து, மேர்க்கேற்றர் படம் வெள்ளையர் செருக்கின் சின்னம் என முழங்கினார். கிறித்தவ சங்கங்களும், வளர்முக நாடுகளுக்கு உதவும் நிறுவனங்களும் அதனை விரும்பி ஏற்றன. 2017 ஆம் ஆண்டிலே அமெரிக்காவின் பொஸ்ரன் நகரத்துப் பொதுப் பாடசாலைகளும் அதனை வகுப்பறைகளில் மாட்டத் தொடங்கின. ஆயின் புவியியலார் பலர் பீற்றர்ஸைக் கடிந்தனர். ஏனெனில், அவர் புதிதாகக் கண்டது என்று கூறிய அவ்வமைப்பை, 1855 ஆம் ஆண்டிலேயே யேம்ஸ் கோல் என்னும் ஸ்கொத்லாந்துப் போதகர் வெளியிட்டிருந்தார். பரப்பு மாறாத வேறு படங்கள் அதற்கும் முன்னரே, லம்பேட் என்பாரால் 1772 இலும், மொல்வைடே என்பாரால் 1805 இலும் அமைந்திருந்தன.

மேலும், பீற்றர்ஸ் படம் பரப்பைக் காத்து வடிவைக் கைவிட்டது. மத்தியகோட்டுக்கு அண்மையிலுள்ள நாடுகள் அதிலே அகலத்தை நோக்க இருமடங்கு நீண்டுவிடுகின்றன. மாங்காய் போன்ற எமது இலங்கை அங்கே பீர்க்கங்காயாகத் தொங்குகின்றது. ஆபிரிக்கா ஈரத்துணி பிழிந்து உலரவிட்டாற்போல் நீள்கின்றது. எமது பரப்பு எமக்கு மீண்டது; எமது முகம் போயிற்று! ஒரு பொய்யை விரட்டி மறுபொய்யை மணையில் இருத்துவதை நாம் திருத்தம் என்று கொள்ளோம். 1989 ஆம் ஆண்டிலே வட அமெரிக்காவின் புவியியற் சங்கங்கள் ஏழு கூடி, பொதுத் தேவைகளுக்குச் செவ்வக வடிவான உலகப்படங்களையே கைவிடுக என்று வேண்டியதன் உட்கருத்தும் இதுவே.

நன்மையும் நிகழாமலில்லை. அமெரிக்காவின் தேசிய புவியியற் சங்கம் 1988 இல் றொபின்சன் என்பாரின் எறியத்தையும், 1998 இல் விங்கல் என்பாரின் எறியத்தையும் தன் உலகப்படங்களுக்குக் கைக்கொண்டது. இவை நடுவழி செல்வன. 2018 ஆம் ஆண்டிலே சாவ்ரிச், பற்றர்சன், யென்னி ஆகிய மூவர், பரப்பும் மாறாது, வடிவும் கண்ணுக்கு இதமாக அமையுமாறு, ‘சமபூமி’ எனப் பொருள்படும் பெயருடன் புதிய எறியமொன்றை வகுத்தனர். 2025 ஆம் ஆண்டு ஓகஸ்ட் மாதத்திலே ஆபிரிக்க ஒன்றியம், மேர்க்கேற்றர் படத்தைப் பள்ளிகளிலும் நிறுவனங்களிலும் கைவிட்டு இத்தகைய படங்களை ஏற்க வேண்டுமென்னும் இயக்கத்துக்குத் தன் ஆதரவை அளித்தது. ஐம்பதுக்கு மேற்பட்ட நாடுகள் கூடிய ஒன்றியம் ஒரு சுவர்ப்படத்தைப் பற்றிப் பேசுவதாயின், அது சிறு விடயமன்று என்பதை அன்பர்கள் உணர்வர்.

இங்கே எம் கருத்தைத் தெளிவாகச் சொல்லிவிடுதல் நன்று. நாம் பரப்பைத் திருத்த விரும்புவது பெருமை பேசுதற்கன்று. ஆபிரிக்கா பதினான்கு மடங்கு பெரிது என்பதால் கிறீன்லாந்தில் வாழும் மக்கள் பதினான்கில் ஒருபங்கு மாந்தராகிவிடார். சரியான படத்திலும் இலங்கை சிறிய தீவே. இழந்த சதுர மைல்களை மீட்டு மார்தட்டப் புறப்படுவோமாயின், 1898 ஆம் ஆண்டு முத்திரையை அச்சிட்டவருக்கும் எமக்கும் வேறுபாடு இல்லாதொழியும். எமக்கு வேண்டுவது மெய். கண்ணாற் காண்பதும் பொய், காதாற் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய் என்று எம் பாட்டிமார் கூறினரே, அந்த விசாரணைப் பழக்கம் எம் மாணவர்க்கு வாய்க்க வேண்டும். “இப்படம் எதற்காக வரைந்தது? இது எதை மெய்யாகச் சொல்கின்றது? எதைப் பொய்யாகச் சொல்கின்றது?” என்று படத்தைப் பார்த்துக் கேட்கத் தெரிந்த மாணவன், பிற்காலத்திலே பத்திரிகையைப் பார்த்தும், புள்ளிவிவர அட்டவணையைப் பார்த்தும், மேடைப் பேச்சாளரைப் பார்த்தும் அவ்வாறே கேட்பான்.

ஆதலின் நாம் முதலிற் பரிந்துரைப்பது வேறொரு தட்டைப் படத்தையன்று, பூகோளவுருண்டையையே. உருண்டையான ஒன்றை உருண்டையாகவே காட்டுவதொன்றே பரப்பு, வடிவு, தூரம், திசை என்னும் நான்கையும் ஒருங்கே காப்பது. அதன் பயனுக்கு ஓர் உதாரணம் கூறுவோம். ரொறன்ரோவிலே எம் பழைய மாணவர் பலர் வாழ்கின்றனர். கொழும்பிலிருந்து அங்கே செல்லும் மிகக் குறுகிய வழி எது? சுவர்ப்படத்திலே அடிமட்டம் வைத்தால், கோடு அரேபியாவின் மேலும் சகாராப் பாலைவனத்தின் மேலும் சென்று அத்திலாந்திக்கைக் கடக்கும். உருண்டையிலே நூலொன்றை இரு நகருக்கும் இடையே இறுக்கிப் பிடித்துப் பார்க்க. நூல் இந்தியாவைக் கடந்து, மத்திய ஆசியா வழியாக, இரசியாவின் வடபகுதி மீதேறி, நோர்வேயின் வட ஓரத்தையும் கிறீன்லாந்தையும் தொட்டு ரொறன்ரோவில் இறங்கும். நாம் எட்டாத் தொலைவென்று எண்ணியிருந்த பனிநிலம், எம் உறவினர் வீட்டுக்குச் செல்லும் நேர்வழியிலேயே கிடக்கின்றது! எத்தனை மணிநேரம் பேசினும் விளங்காத இது, ஒரு முழ நூலால் விளங்கிவிடுகின்றது.

இதற்கு மறுப்புக் கூறுவார் இருவகையினர். ஒருசாரார், “இக்காலத்துப் பிள்ளைகள் கைத்தொலைபேசியிலே உலகம் முழுவதையும் காண்கின்றனர், சுவர்ப்படமும் உருண்டையும் எதற்கு?” என்பர். கைத்தொலைபேசிக்குட் புகுந்திருப்பதும் அதே மேர்க்கேற்றரே என்பதை அவர்கள் அறியார் போலும். 2005 ஆம் ஆண்டில் வெளிவந்த கூகிள் நிறுவனத்தின் தேசப்படம் அம்முறையைத் தழுவியது. ஒழுங்கையும் சந்தியும் கோணம் மாறாது, வடக்கு என்றும் மேலேயே நிற்பதற்கு அது வாய்ப்பானது. வழி தேடுவோனுக்கு அது சரியே. அவனும் ஒருவகைக் கடலோடிதான். 2018 ஆம் ஆண்டிலே அந்நிறுவனமே கணினித் திரையில் முழு உலகையும் காட்டுமிடத்து உருண்டையாகக் காட்டும் வசதியை அமைத்தது. விற்பனை செய்வோர்க்கு உதித்த எண்ணம் கல்வி தருவோர்க்கு உதிக்க வேண்டாமா?

மற்றொரு சாரார், “பரீட்சையில் இதற்குப் புள்ளி உண்டோ?” என்பர். அவர்க்கு நாம் கூறும் விடை சுருக்கமானது. எம் கல்லூரியை நிறுவிய பெரியோர், பரீட்சைக்காக மட்டும் அதனை நிறுவினாரல்லர். எம் சமயத்தையும் மொழியையும் இழவாமலே உலகை அறியும் வழியை எம் பிள்ளைகளுக்குத் திறந்துவிடவே நிறுவினர். உலகை அறிதல் என்பது, அதன் உண்மையான உருவத்தையும் அளவையும் அறிதலிலிருந்தே தொடங்கும். அடித்தளம் பிசகிய கோயிலுக்குக் கோபுரம் எத்துணை உயர்த்தியும் பயன் என்ன?

இனி, செய்யற்பாலது யாது என்பதைக் கூறி முடிப்போம். யூபிலி நினைவாகக் கல்லூரிக்கு எதை அளிக்கலாம் என்று கொழும்பிலும், இலண்டனிலும், ரொறன்ரோவிலும், பிற இடங்களிலும் உள்ள பழைய மாணவர் ஆலோசிக்கின்ற காலம் இது. வளைவும் மண்டபமும் வேண்டாமென்று நாம் கூறவில்லை. அவற்றோடு மூன்று சிறு காரியங்களையும் சேர்த்துக்கொள்ளுமாறு பணிவுடன் வேண்டுகின்றோம்.

முதலாவது, ஆறாம் வகுப்புத் தொடக்கம் ஒவ்வொரு வகுப்பறைக்கும் ஒரு பூகோளவுருண்டை. அதனைக் கண்ணாடி அலுமாரிக்குட் பூட்டிவைத்தல் ஆகாது; மாணவர் கையாற் சுழற்றித் தேயவிடுதல் வேண்டும். தேய்ந்த உருண்டையே படித்த வகுப்பின் அடையாளம். யூபிலி விருந்திலே நாம் வைக்கும் இலைகளைச் சிறிது குறைத்தால் இதற்கான பணம் மீதமாகும் என்பது எம் கணிப்பு.

இரண்டாவது, புவியியல் அறையிலே மேர்க்கேற்றர் படத்தைக் கழற்றிவிடாது, அதன் அருகிலேயே, அதே உயரத்திலே, பரப்பு மாறாத படமொன்றை மாட்டுதல். மேலே கூறிய சமபூமிப் படத்தை அமைத்தோர், அதனை எவரும் விலையின்றிப் பெற்று அச்சிட வகைசெய்துள்ளனர். அதற்குத் தமிழிலே பெயர் எழுதி, அச்சிட்டு, அயலிலுள்ள சிறு பாடசாலைகளுக்கும் எம் மாணவரே கொண்டுசென்று கொடுப்பராயின், அதனினும் சிறந்த யூபிலிப் பணி வேறில்லை. இரு படங்களும் அருகருகே தொங்குமிடத்து, ஆசிரியர் பேச வேண்டியதில்லை. மாணவன் தானே கேட்பான்.

மூன்றாவது, பணச் செலவில்லாதது. ஒவ்வொரு படத்தின் கீழும் இரண்டு வரி எழுதி ஒட்டுதல். மேர்க்கேற்றர் படத்தின் கீழ், “இது திசையை மெய்யாகச் சொல்லும், பரப்பை நம்பற்க” என்றும், மற்றதன் கீழ், “இது பரப்பை மெய்யாகச் சொல்லும், திசையையும் வடிவையும் நம்பற்க” என்றும் எழுதினால் அமையும். தன் குறையைத் தானே சொல்லும் படம், தன் குறையைத் தானே சொல்லும் மனிதரைப் போல, நம்பத்தக்கதாகின்றது.

உலகை வலம்வந்து கனியைப் பெறுமாறு பிள்ளைகள் இருவருக்கும் இறைவன் பணித்த கதையை நாமெல்லாம் மடியிலிருந்தே கேட்டு வளர்ந்தோம். இளையவன் மயிலேறி உலகைச் சுற்றினான். மூத்தவன் அம்மையப்பரைச் சுற்றினான். எம் கல்லூரிப் பிள்ளைகளுக்கு இரண்டும் வேண்டும். தாய் தந்தையராகிய எம் சமயத்தையும் மொழியையும் சுற்றி வருதலைக் கல்லூரி அன்னை என்றும் கற்பித்து வருகின்றாள். உலகைச் சுற்றி வருதற்கு, மேசைமேல் ஓர் உருண்டையும், அதனைச் சுழற்ற ஒரு சிறுவன் கையும் போதும். அவன் விரலின் கீழே நாடுகள் தத்தம் மெய்யளவிற் செல்லட்டும்.

கல்லூரி அன்னை நீடு வாழ்க!